சுரங்க ரயிலும் தொடக்ககாலச் சினிமாவும்

பெருநகரச் சுரங்க ரயிலும் சினிமாவும் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஏறக்குறைய ஒரே காலத்தில் மக்கள் வாழ்வுக்குள் வந்தவை. லண்டன், பாரிஸ், நியூயார்க் ஆகிய நகரங்களில் இரண்டும் சேர்ந்தே வளர்ந்தன. சுரங்க ரயில் மக்களைத் திரையரங்கு இருக்கும் இடத்துக்குக் கொண்டு சேர்த்தது. சினிமா அந்த ரயிலையே படமாக்கிக் காட்டியது. தமிழ்நாட்டில் நடந்தது வேறு. இங்கு நகரத்துக்கு அடியில் ஓடும் ரயில் 2017ஆம் ஆண்டில்தான் வந்தது. சினிமாவோ அதற்கு ஏறத்தாழ 120 ஆண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டது. இடைப்பட்ட காலத்தில் சினிமாவை ஊர் ஊராகக் கொண்டுசென்றவற்றுள் முதன்மையானது தரைமேல் ஓடிய சாதாரண ரயில். மேலைநாட்டுச் சுரங்க ரயில் மக்களைப் படத்திடம் கொண்டுபோனது என்றால், தமிழ்நாட்டு ரயில் படத்தை மக்களிடம் கொண்டுவந்தது எனலாம். தென்காசி, செங்கோட்டை வழியாகச் செல்லும் இருப்புப்பாதை இந்த வரலாற்றைப் புரிந்துகொள்ள நல்ல எடுத்துக்காட்டு.

ஐரோப்பாவில் தோற்றம்

உலகின் முதல் சுரங்க ரயில் 1863 ஜனவரி 10 அன்று லண்டனில் பாடிங்டனுக்கும் ஃபாரிங்டனுக்கும் இடையே ஓடியது. அதை இழுத்தது நீராவி எஞ்சின். புகையும் கரியும் சுரங்கத்துக்குள்ளேயே தங்கியதால் பயணிகள் மிகுந்த இடர்ப்பட்டனர். 1890ஆம் ஆண்டில் அதே நகரில் மின்சாரத்தில் இயங்கும் ஆழ்நிலச் சுரங்க ரயில் தொடங்கியது. அதன் பெட்டிகளுக்குச் சன்னல் என்று சொல்லும்படி எதுவும் இல்லை. மேலே சிறு திறப்புகள் மட்டுமே இருந்தன. சுரங்கத்துக்குள் பார்ப்பதற்கு ஒன்றும் இல்லை என்று அமைப்பாளர்கள் எண்ணினர். மக்கள் அந்தப் பெட்டிகளை மெத்தை தைத்த சிறையறைகள் என்று கேலி செய்தனர்.

மின்சாரம் வந்தபின் சுரங்க ரயில்கள் வேகமாகப் பெருகின. புடாபெஸ்ட், கிளாஸ்கோ ஆகிய நகரங்களில் 1896ஆம் ஆண்டும், பாஸ்டனில் 1897ஆம் ஆண்டும், பாரிசில் 1900ஆம் ஆண்டும், நியூயார்க்கில் 1904ஆம் ஆண்டும் அவை தொடங்கின. சினிமா உலகம் முழுவதும் பரவிய ஆண்டுகளும் இவையே.

லூமியேர் சகோதரர்கள் கட்டணம் பெற்று நடத்திய முதல் பொதுக் காட்சி 1895 டிசம்பர் 28 அன்று பாரிசில் நடந்தது. கபுசின் பெருஞ்சாலையில் இருந்த கிராண்ட் கஃபே என்னும் காப்பிக்கடையின் நிலவறையே அரங்கு. அந்த நிலவறைக்கு 'இந்திய அறை' என்று பெயர். நுழைவுக் கட்டணம் ஒரு ஃபிராங்க். முதல் நாள் முப்பத்துச் சொச்சம் பேரே வந்தனர். ஆக, சினிமாவின் முதல் பார்வையாளர்களும் படியிறங்கித் தரைக்குக் கீழே சென்றுதான் படம் பார்த்தார்கள். 1904ஆம் ஆண்டில் அதே சாலைக்கு அருகில் ஓபரா சுரங்க ரயில் நிலையம் திறக்கப்பட்டது.

ரயில் நிலையத்துக்குள் வண்டி வந்து நிற்கும் லூமியேர் படம் புகழ்பெற்றது. திரையில் ரயில் வருவதைக் கண்டு மக்கள் அலறி ஓடினார்கள் என்று பலரும் எழுதுவதுண்டு. அந்தப் படம் முதல் நாள் காட்சியில் இடம்பெறவில்லை. மக்கள் ஓடியதற்கு அக்காலத்துச் சான்றும் கிடையாது. ஆயினும் அந்தக் கதை இத்தனை காலம் நிலைத்திருப்பதில் ஒரு பொருள் உண்டு. ரயிலையும் சினிமாவையும் மக்கள் மனம் தொடக்கத்திலிருந்தே ஒன்றாக வைத்துப் பார்த்திருக்கிறது.

1900ஆம் ஆண்டு பாரிஸ் உலகக் கண்காட்சி இரண்டுக்கும் பொதுவான மேடையாக அமைந்தது. கண்காட்சிக்கு வரும் கூட்டத்துக்காகவே பாரிஸ் மெட்ரோவின் முதல் வழி ஜூலை 19 அன்று திறக்கப்பட்டது. கண்காட்சிக்குள் லூமியேர் நிறுவனம் ஏறத்தாழ 21 மீட்டர் அகலமுள்ள பெருந்திரையில் படம் காட்டியது. சுரங்க ரயிலில் வந்து இறங்கிப் பெருந்திரையில் படம் பார்க்கும் வழக்கம் அங்கே தொடங்கியது.

ஓடும் ரயிலில் படக்கருவி

தொடக்ககாலப் படங்களில் ஒரு வகை 'பேய்ச் சவாரி' எனப்பட்டது. எஞ்சினின் முகப்பில் படக்கருவியைப் பொருத்தி, எதிர்வரும் தண்டவாளத்தையும் நிலக்காட்சியையும் பதிவு செய்வார்கள். பார்ப்பவருக்கு எஞ்சின் கண்ணில் படாது. கண்ணுக்குத் தெரியாத ஏதோ ஒன்று தம்மை இழுத்துச் செல்வதுபோல் தோன்றும். இவ்வகையில் சுரங்கங்களுக்குத் தனி இடம் இருந்தது. 1897ஆம் ஆண்டில் அமெரிக்காவில் எடுக்கப்பட்ட ஹாவர்ஸ்ட்ரா சுரங்கப் படம் பெரும் வரவேற்பைப் பெற்றது. வண்டி இருட்டுக்குள் நுழைந்து மறுமுனையில் ஒளிக்குள் வெளிப்படுவதே அதன் கதை, திருப்பம், முடிவு எல்லாம்.

1899ஆம் ஆண்டில் இங்கிலாந்தைச் சேர்ந்த ஜி. ஏ. சுமித், வண்டி சுரங்கத்துக்குள் இருக்கும்போது பெட்டிக்குள் ஒரு தம்பதி முத்தமிட்டுக்கொள்வதைத் தனியே படமாக்கினார். அதைப் பேய்ச் சவாரிப் படத்தின் நடுவே ஒட்டிக் காட்டலாம். வண்டி நுழைகிறது, உள்ளே ஒரு நிகழ்ச்சி, வண்டி வெளியேறுகிறது. தனித்தனியே எடுத்த காட்சிகளை இணைத்துக் கதை சொல்லும் படத்தொகுப்பின் மிக முற்பட்ட எடுத்துக்காட்டுகளில் ஒன்றாக இது கருதப்படுகிறது. சுரங்கத்தின் இருட்டு இரண்டு காட்சிகளை ஒட்டும் பசையாகப் பயன்பட்டது.

நகரச் சுரங்க ரயிலையே முழுமையாகப் படமாக்கியவர் பில்லி பிட்சர். நியூயார்க் சுரங்க ரயில் திறக்கப்பட்ட ஏழாவது மாதத்தில், 1905 மே மாதம், 14ஆம் தெருவிலிருந்து 42ஆம் தெரு வரையிலான பயணத்தை அவர் பதிவு செய்தார். அன்றைய படச்சுருளுக்கு மிகுந்த வெளிச்சம் தேவை. சுரங்கத்துக்குள் அது கிடையாது. அதனால் மூன்று வண்டிகள் ஓடின. முன்னால் ஒரு வண்டி சென்றது. அதைப் பின்தொடர்ந்த வண்டியில் படக்கருவி இருந்தது. பக்கத்துத் தண்டவாளத்தில் விளக்குகள் ஏற்றிய வண்டி இணையாக ஓடியது. சில நிமிடங்களே ஓடும் அந்தப் படத்தில் தூண்கள் ஒவ்வொன்றாகப் பின்னோக்கிச் செல்ல, கடைசியில் நிலையத்து நடைமேடையில் மக்கள் தோன்றுகிறார்கள்.

இதே காலத்தில் கான்சாஸ் நகரின் முன்னாள் தீயணைப்புத் தலைவர் ஜார்ஜ் ஹேல், ரயில் பெட்டி வடிவிலேயே அரங்கு அமைத்தார். பார்வையாளர்கள் பயணிகளைப்போல் இருக்கைகளில் அமர்வார்கள். முன்பக்கம் திரையில் பேய்ச் சவாரிப் படம் ஓடும், பெட்டி குலுங்கும், சக்கர ஒலி கேட்கும். ஊர்விட்டு ஊர் போகாமலேயே பயணம் செய்த நிறைவு கிடைத்தது. 1906ஆம் ஆண்டு அது லண்டனுக்கும் வந்தது.

இரண்டும் பொருந்தியது ஏன்?

இந்த உறவுக்கு மூன்று காரணங்களைச் சொல்லலாம். முதலாவது மின்சாரம். ஆழ்நிலச் சுரங்க ரயிலை ஓட்டவும் பெரிய அரங்கில் ஒளிமிக்க படத்தைக் காட்டவும் மின்சாரம் தேவைப்பட்டது. இரண்டாவது கூட்டம். முன்பின் தெரியாத பலர் குறைந்த கட்டணத்தில் ஒரே அறைக்குள் பக்கத்தில் பக்கத்தில் அமர்வது இரண்டுக்கும் பொது. மூன்றாவது இருட்டு. படக்கருவியில் ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடையே மூடி ஒன்று ஒளியை மறைக்கிறது. அந்த இடைவெளி இல்லையென்றால் திரையில் அசைவு தெரியாது. கலங்கிய கறைதான் தெரியும். சுரங்கத்தில் ஓடும் வண்டியின் சன்னல் வழியே விளக்குகள் விட்டுவிட்டுத் தோன்றுவதும் இதே முறைதான்.

இந்த ஒப்புமை வெறும் உவமை அன்று என்பதை 1980ஆம் ஆண்டில் பில் பிராண்ட் என்னும் கலைஞர் நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் செய்து காட்டினார். கைவிடப்பட்ட ஒரு சுரங்க நிலையத்தில் 228 ஓவியங்களை வரிசையாக வைத்து, அவற்றின் முன் மெல்லிய பிளவுகள் கொண்ட சுவரை எழுப்பினார். ஓடும் வண்டியிலிருந்து பார்த்தால் ஓவியங்கள் அசையும். படச்சுருள் ஓடுவதற்குப் பதிலாகப் பார்வையாளர் ஓடுகிறார். மற்றபடி அது சினிமாவேதான்.

செங்கோட்டைக் குகை

இந்தியாவில் அன்று நகரச் சுரங்க ரயில் இல்லை. தமிழ் மக்கள் தரைக்கு அடியில் ரயிலில் சென்ற அனுபவம் மலையில்தான் கிடைத்தது. அவற்றுள் தென்மாவட்டங்களுக்கு நெருக்கமானது செங்கோட்டைக்கும் புனலூருக்கும் இடைப்பட்ட மலைப்பாதை.

திருநெல்வேலியிலிருந்து புறப்பட்ட மீட்டர்கேஜ் பாதை அம்பாசமுத்திரம், தென்காசி வழியாக 1903ஆம் ஆண்டில் செங்கோட்டையை எட்டியது. தென்காசி அப்போது ஆங்கிலேயர் ஆண்ட திருநெல்வேலி மாவட்டத்தில் இருந்தது. செங்கோட்டை திருவிதாங்கூர் அரசுக்கு உரியது. 1956 நவம்பர் 1 அன்றுதான் தமிழ்நாட்டுடன் இணைந்தது. கொல்லம் துறைமுகத்தைக் கிழக்கே உள்ள சந்தைகளோடு இணைக்க, மேற்குத் தொடர்ச்சி மலையைக் குடைந்தும் ஓடைகளின்மேல் கல்வளைவுப் பாலங்கள் கட்டியும் பாதை அமைத்தனர். 1904 நவம்பர் மாதம் அது முழுமையாகத் திறக்கப்பட்டது. திருவிதாங்கூர் அரசின் எல்லைக்குள் வந்த முதல் இருப்புப்பாதை இதுதான். நியூயார்க் சுரங்க ரயில் தொடங்கியது அதே ஆண்டு அக்டோபர் மாதம்.

செங்கோட்டையை அடுத்த பகவதிபுரம் நிலையத்தைத் தாண்டியதும் வண்டி நீண்ட சுரங்கத்துக்குள் நுழையும். அதன் நீளம் ஒரு கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைவு. மறுபுறம் ஆரியங்காவு. இப்பகுதி மக்கள் இதைக் குகை என்றே சொல்வார்கள். நீராவி எஞ்சின் காலத்தில் குகை வருவதற்கு முன்பே சன்னல் பலகைகளை இறக்கிவிடுவது வழக்கம். இல்லையென்றால் புகையும் கரித்தூளும் பெட்டிக்குள் நிறையும். 1863ஆம் ஆண்டில் லண்டன் பயணி பட்ட பாட்டையே தென்காசிப் பயணியும் பட்டார். இருட்டு முடிந்து வண்டி வெளிப்படும்போது நிலமே மாறியிருக்கும். கிழக்கே சாரல் மட்டும் விழும் வறண்ட சமவெளி. மேற்கே அடர்காடும் கனமழையும். பேய்ச் சவாரிப் படங்கள் காசு வாங்கிக்கொண்டு காட்டிய காட்சியை இந்தப் பாதை பயணச்சீட்டோடு சேர்த்தே தந்தது.

ரயில்வே வரைவாளரும் படக்கருவியும்

இப்பாதை முழுமையடைந்த மறு ஆண்டு, தென்னிந்திய சினிமா வரலாற்றின் முக்கிய நிகழ்ச்சி திருச்சியில் நடந்தது. கோயம்புத்தூரில் 1883ஆம் ஆண்டில் பிறந்த சாமிக்கண்ணு வின்சென்ட் தென்னிந்திய ரயில்வேயில் வரைவாளராகப் பணியாற்றி வந்தார். இலங்கையில் படம் காட்டிவிட்டுத் திருச்சிக்கு வந்த டூபான் என்னும் பிரெஞ்சுக்காரர் உடல்நலம் குன்றி ஊர் திரும்ப விரும்பினார். அவரிடமிருந்த படக்கருவியையும் இயேசுவின் வாழ்க்கை உள்ளிட்ட படச்சுருள்களையும் வின்சென்ட் 1905ஆம் ஆண்டில் விலைக்கு வாங்கினார். விலை இரண்டாயிரம் ரூபாய்க்கு மேல். ஒரு ரயில்வே ஊழியருக்கு அது பல ஆண்டுச் சம்பளம்.

வேலையை விட்டுவிட்டுக் கூடாரத்துடன் புறப்பட்ட வின்சென்ட், தெற்கே திருவனந்தபுரம் முதல் வடமேற்கே பெஷாவர் வரையிலும், கிழக்கே ரங்கூனுக்கும் சென்று படம் காட்டினார். கருவி, சுருள்கள், கூடாரத்துணி, கம்பங்கள் எல்லாவற்றையும் அவ்வளவு தொலைவு கொண்டுபோக ரயில் இல்லாமல் இயலாது. எந்த ஊருக்கு எந்த நேரத்தில் வண்டி, எங்கே மாறவேண்டும் என்பதை அறிந்த ரயில்வேக்காரர் ஒருவர் தென்னகத்தின் ஊர்சுற்றிச் சினிமாவுக்கு முன்னோடியானது தற்செயல் என்று தோன்றவில்லை.

அந்த ஆண்டுகளில் தமிழ்ப் பகுதியிலிருந்து திருவிதாங்கூருக்குள் சென்ற ஒரே இருப்புப்பாதை தென்காசி, செங்கோட்டைப் பாதைதான். கொல்லத்திலிருந்து திருவனந்தபுரத்துக்கு ரயில் நீண்டது 1918ஆம் ஆண்டில். எர்ணாகுளத்திலிருந்து கோட்டயம் வழியாகக் கொல்லத்துக்கு ரயில் வந்தது 1950களில். அதுவரை ஏறத்தாழ அரை நூற்றாண்டுக் காலம், மலைக்கு இப்புறமிருந்து ரயிலில் அப்புறம் போகவேண்டிய எந்தச் சரக்கும் குகையைக் கடந்தே போகவேண்டும்.

வின்சென்ட் 1914ஆம் ஆண்டில் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் என்னும் நிலையான அரங்கைக் கட்டினார். மின்சாரத்தில் இயங்கும் அச்சகமும் அரிசி ஆலையும் நடத்தினார். சுரங்க ரயிலையும் சினிமாவையும் மேலைநாட்டில் இணைத்த மின்சாரம் கோயம்புத்தூரில் சினிமாவையும் அரிசி ஆலையையும் இணைத்தது. அவர் 1942ஆம் ஆண்டில் மறைந்தார். அரங்கு இருந்த சாலை இன்றும் வெரைட்டி ஹால் சாலை என்றே வழங்குகிறது.

கூடாரமும் படப்பெட்டியும்

வின்சென்டுக்குப் பின்வந்த ஊர்சுற்றி அரங்குகள், பேசும்படம் வந்தபின் டூரிங் டாக்கீஸ் எனப்பட்டன. தரை டிக்கெட், பெஞ்சு டிக்கெட், நாற்காலி டிக்கெட் என்று மக்கள் பிரிந்து அமர்ந்தார்கள். மணலைக் குவித்து அதன்மேல் அமர்ந்து படம் பார்த்த தலைமுறை இன்றும் இருக்கிறது. மின்சாரம் எட்டாத ஊர்களில் கொட்டகைக்காரரே எஞ்சின் வைத்து மின்சாரம் எடுத்தார். திருநெல்வேலி வட்டாரத்தில் பாபநாசம் நீர்மின் நிலையம் 1944ஆம் ஆண்டில்தான் இயங்கத் தொடங்கியது. ஆகவே சிற்றூர்க்காரர்கள் பலருக்கு மின்விளக்கு என்பதே சினிமாக் கொட்டகையில் முதலில் பார்த்த பொருளாயிற்று.

1927ஆம் ஆண்டில் விருதுநகரிலிருந்து ராஜபாளையம், சங்கரன்கோவில் வழியாகத் தென்காசிக்கு மற்றொரு பாதை வந்தது. தென்காசி சந்திப்பு நிலையமானது. மதுரையிலிருந்தும் திருநெல்வேலியிலிருந்தும் சரக்கு வந்துசேரும் இடமாக ஊர் மாறியது. குற்றாலம் இந்த நிலையத்திலிருந்து ஏறத்தாழ 5 கிலோமீட்டர். ஜூன் முதல் செப்டம்பர் வரையிலான சாரல் காலத்தில் அருவிக்கு வரும் கூட்டத்தை ரயில் பெருக்கியது.

படச்சுருள்கள் வட்டமான தகரப் பெட்டிகளில் அடைபட்டு ஊர் ஊராகச் சென்றன. அவற்றைப் படப்பெட்டி அல்லது பெட்டி என்பார்கள். பெரும்பாலும் ரயில் பார்சலாகவும் பின்னர் பேருந்துகளிலும் அவை பயணம் செய்தன. பெட்டி வரத் தாமதமானால் காட்சி தாமதமாகும். பெட்டி வராவிட்டால் காட்சி இல்லை. தமிழ்த் திரைப்பட வணிகத்தில் மதுரை–ராமநாதபுரம் ஒரு வட்டாரமாகவும், திருநெல்வேலி–கன்னியாகுமரி மற்றொரு வட்டாரமாகவும் பிரிக்கப்பட்டுள்ளன. பின்னதை டி.கே. ஏரியா என்பார்கள். படங்கள் எண்மமாக மாறி செயற்கைக்கோள் வழியாகவும் வன்தட்டுகளிலும் வரத் தொடங்கியபின் படப்பெட்டியின் காலம் முடிந்தது.

சென்னை: கொட்டகைகளுக்குக் கீழே ரயில்

சென்னையில் முதல் சலனப்படக் காட்சிகள் 1897ஆம் ஆண்டை ஒட்டி விக்டோரியா பொது அரங்கில் நடந்தன. ராபர்ட் சிஷோம் வடிவமைத்து 1880களில் கட்டப்பட்ட இந்தச் செங்கல் கட்டடம் சென்ட்ரல் ரயில் நிலையத்துக்கு அருகே, ரிப்பன் மாளிகையின் பக்கத்தில் உள்ளது. நாடகமும் பொதுக்கூட்டமும் நடந்த அரங்கில் திரை கட்டிப் படம் காட்டினார்கள்.

பின்னர் மவுண்ட் ரோடு சினிமாத் தெருவாயிற்று. வார்விக் மேஜர் நடத்திய எலெக்ட்ரிக் தியேட்டர் அங்கே இருந்தது. அதன் பெயரே மின்சாரத்தை விளம்பரப்படுத்தியது. 1914ஆம் ஆண்டில் ஒளிப்படக் கலைஞரான ரகுபதி வெங்கையா மவுண்ட் ரோட்டுக்கு அருகில் கெயிட்டி அரங்கைக் கட்டினார். சென்னையில் இந்தியர் ஒருவர் கட்டிய முதல் நிலையான திரையரங்கு அது. அன்று மக்களைக் கொட்டகைக்குக் கொண்டுவந்தது மின்சார டிராம். 1895ஆம் ஆண்டில் இந்தியாவிலேயே முதன்முதலாகச் சென்னையில் ஓடத் தொடங்கிய டிராம், 1953ஆம் ஆண்டில் நின்றது. சுரங்க ரயில் பாரிசில் செய்த வேலையைச் சென்னையில் தரைமேல் டிராம் செய்தது.

சென்னை மெட்ரோவின் முதல் நிலத்தடிப் பகுதி 2017 மே மாதம் திருமங்கலத்துக்கும் நேரு பூங்காவுக்கும் இடையே திறக்கப்பட்டது. 2018 மே மாதம் அது எழும்பூர் வழியாகச் சென்ட்ரலை அடைந்தது. 2019 பிப்ரவரி மாதம் அண்ணா சாலைக்கு அடியில் செல்லும் பகுதி திறக்கப்பட்டது. சென்ட்ரல் மெட்ரோ நிலையத்தின் கட்டுமானம் விக்டோரியா பொது அரங்கை ஒட்டியே நடந்தது. அடுத்த நிலையங்களான அரசினர் தோட்டம், எல்.ஐ.சி., ஆயிரம் விளக்கு ஆகியவை பழைய மவுண்ட் ரோட்டின் அடியில் வரிசையாக உள்ளன. ஊமைப்படக் காலத்துச் சினிமாத் தெருவுக்கு நேர் கீழே இன்று சுரங்க ரயில் ஓடுகிறது.

எலெக்ட்ரிக் தியேட்டரின் கட்டடம் அஞ்சல் துறையிடம் சென்று, அண்ணா சாலைத் தலைமை அஞ்சலக வளாகத்தில் அஞ்சல்தலைப் பிரிவாகப் பயன்பட்டு வருகிறது. கெயிட்டி இடிக்கப்பட்டுவிட்டது. எல்பின்ஸ்டன், குளோப் போன்ற அரங்குகளும் இல்லை. விக்டோரியா பொது அரங்கு பல ஆண்டுகள் பூட்டிக் கிடந்து, அண்மை ஆண்டுகளில் மாநகராட்சியால் புதுப்பிக்கப்பட்டது.

கொல்கத்தாவும் மும்பையும்

இதே அமைப்பைப் பிற இந்திய நகரங்களிலும் காணலாம். இந்தியாவின் முதல் சுரங்க ரயில் 1984 அக்டோபர் 24 அன்று கொல்கத்தாவின் எஸ்பிளனேடிலிருந்து பவானிபூர் வரை ஓடியது. பாதை மைதானத்தின் ஓரமாகச் செல்கிறது. அந்த மைதானத்தில்தான் ஜே. எஃப். மதன் 1902ஆம் ஆண்டில் கூடாரம் அடித்துப் பயாஸ்கோப் காட்டத் தொடங்கினார். எஸ்பிளனேடுக்கு அருகிலேயே 1907ஆம் ஆண்டில் அவருடைய எல்பின்ஸ்டன் பிக்சர் பேலஸ் எழுந்தது. மும்பையில் 1896 ஜூலை 7 அன்று லூமியேர் படங்கள் வாட்சன் ஓட்டலில் காட்டப்பட்டன. அந்த ஓட்டல் இருந்த கோட்டைப் பகுதிக்கு அடியிலும் இப்போது நிலத்தடி மெட்ரோ செல்கிறது.

மூன்று நகரங்களிலும் இவ்வாறு அமைந்ததற்குக் காரணம் எளியது. சினிமாவும் சுரங்க ரயிலும் தேடியது ஒரே இடத்தை: கடைகள், அலுவலகங்கள், கூட்டம், போக்குவரத்து எல்லாம் சேரும் நகரின் மையத்தை. சினிமாவுக்கு அந்த இடம் உடனே கிடைத்தது. ஒரு கூடாரமும் ஒரு கருவியும் போதும். சுரங்க ரயிலுக்குப் பெரும் முதலீடு வேண்டும். அதற்கு முக்கால் நூற்றாண்டு முதல் ஒரு நூற்றாண்டுக்கும் மேல் ஆயிற்று. ரயில் வந்து சேர்ந்தபோது முதல் தலைமுறைக் கொட்டகைகளில் பெரும்பாலானவை போய்விட்டன.

லண்டனில் லெஸ்டர் சதுக்கத்தைச் சுற்றிய அரங்குகளில் 1896ஆம் ஆண்டிலேயே படம் காட்டினார்கள். அங்கே 1906ஆம் ஆண்டில் சுரங்க நிலையம் வந்தது. அதன் நடைமேடைச் சுவர்களில் படச்சுருளின் ஓரத் துளைகள் அலங்காரமாகப் பொறிக்கப்பட்டுள்ளன. மேலே என்ன இருக்கிறது என்பதைக் கீழே நிற்பவர் அறிந்துகொள்கிறார். அண்ணா சாலைக்கு அடியிலுள்ள நிலையங்கள் அரசு வளாகத்தின் பெயரையும் காப்பீட்டுக் கழகத்தின் பெயரையும் சுமக்கின்றன. அந்தத் தெருவின் முதல் கொட்டகைகள் எதன் பெயரும் அவற்றுக்கு இல்லை.

சித்திர சபை

இருண்ட அறைக்குள் சென்று படம் பார்ப்பது தென்காசி வட்டாரத்துக்குச் சினிமாவோடு வந்த பழக்கம் அன்று. சிவபெருமான் ஆடிய ஐந்து சபைகளுள் சிதம்பரம் பொற்சபை, மதுரை வெள்ளி சபை, திருநெல்வேலி தாமிர சபை, திருவாலங்காடு இரத்தின சபை. ஐந்தாவது குற்றாலத்துச் சித்திர சபை. மற்ற சபைகளில் கூத்தப்பெருமான் திருமேனியாக நிற்க, குற்றாலத்தில் அவர் சுவரோவியமாக ஆடுகிறார். குற்றாலநாதர் கோயிலிலிருந்து சற்றுத் தள்ளித் தனியே அமைந்த இந்த மண்டபத்தின் சுவர்களில் புராணக் காட்சிகள் வரிசையாக வரையப்பட்டுள்ளன. வெளியே வெயிலும் சாரலும்; உள்ளே மங்கிய ஒளி. காட்சிக்குக் காட்சி நகர்ந்து, தெரிந்த கதையைத் தொடர்ந்து பார்க்கிறவர் அடியவர்தான். தென்னிந்தியாவின் முதல் கதைப்படங்கள் பெரும்பாலும் புராணக் கதைகளாக இருந்ததற்குப் பின்னணியில் இத்தகைய ஓவிய மண்டபங்களும் கூத்தும் நாடகமும் வளர்த்த பார்வைப் பழக்கம் இருந்தது. கூடாரச் சினிமா வந்தபோது மக்கள் புதிதாகக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது படம் பார்ப்பதை அன்று. படம் அசைவதை ஏற்றுக்கொள்வதை மட்டுமே.

எஞ்சியவை

தொடக்ககாலச் சினிமாவின் பெரும்பகுதி அழிந்துவிட்டது. நடராஜ முதலியார் 1910களில் எடுத்த கீசக வதம் கிடைக்கவில்லை. தென்னிந்திய ஊமைப்படங்களுள் ஏறக்குறைய முழுமையாக எஞ்சியிருப்பது 1933ஆம் ஆண்டின் மார்த்தாண்ட வர்மா ஒன்றுதான். அதைத் தயாரித்தவர் நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ். அதன் பிரதி 1974ஆம் ஆண்டில் திருவனந்தபுரத்தில் ஒரு பதிப்பகத்தில் கண்டெடுக்கப்பட்டு, புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குச் சென்றது. கூடாரக் கொட்டகைகள் துணியும் கம்பமும் என்பதால் தடம் வைக்காமல் போயின. நிலைத்த அரங்குகள் வணிக வளாகங்களாகவும் திருமண மண்டபங்களாகவும் மாறின.

ரயில் சற்று உறுதியாக நின்றது. செங்கோட்டை–புனலூர் மீட்டர்கேஜ் பாதை அகலப்பாதைப் பணிக்காக 2010 செப்டம்பரில் மூடப்பட்டு, 2018 ஜூன் மாதம் மீண்டும் திறக்கப்பட்டது. கல்வளைவுப் பாலங்கள் வலுப்படுத்தப்பட்டன, குகைகள் அகலப்படுத்தப்பட்டன. சென்னை மெட்ரோ எழும்பூரையும் சென்ட்ரலையும் அடைந்ததற்குச் சில நாட்களுக்குப் பிறகு செங்கோட்டைக் குகை வழிப் பாதை முறைப்படி மீண்டும் திறக்கப்பட்டது.

தென்காசியிலிருந்து பொதிகை விரைவு வண்டியில் சென்னைக்குச் செல்பவர் காலையில் எழும்பூரில் இறங்குகிறார். அங்கிருந்து நகரும் படிக்கட்டில் கீழே சென்று மெட்ரோவில் ஏறினால் அடுத்த நிலையம் சென்ட்ரல். மேலே ஏறி வந்தால் பக்கத்தில் நிற்பது சென்னையில் முதன்முதலாகப் படம் ஓடிய அரங்கு. அடுத்த இரண்டு மூன்று நிலையங்களின் தூரத்துக்குள் தமிழ்நாட்டு ஊமைப்படக் காலத்தின் முக்கிய இடங்கள் பலவும் அடங்கிவிடுகின்றன. அந்த இடங்களில் ஒரு பெயர்ப்பலகை வைப்பதற்குச் செலவு மிகக் குறைவு. நிலையப் பெயர்களை முடிவு செய்பவர்களும் சுவர்களை அலங்கரிப்பவர்களும் அந்த வரலாற்றை அறிந்திருந்தால் போதுமானது.